அண்ணி காதில் மெழுகு

எங்கள் அண்ணிக்கு மெதுவாகப் பேச வராது. "உப்பு எங்கே?" என்று அவர் சமையலறையில் கேட்டால், தெருமுனையில் இருக்கிற சைக்கிள் கடைக்காரர் தன் கடையில் உப்பைத் தேடுவார். ஒரு நாளைக்கு ஏழு மணி நேரம் இரண்டு காதிலும் தேன்மெழுகை அடைத்துக்கொண்டு வேலை பார்க்கிற ஆள் வீட்டுக்கு வந்து கிசுகிசுவென்றா பேசுவார்? கல்வாயில் கயிறு பிடிக்கிற வேலை அவருக்கு. இருபத்திரண்டு வருஷமாகப் பிடிக்கிறார்.

நான் அவருடைய நாத்தனார். அண்ணன் வீட்டு மாடியில் குடியிருக்கிறேன். கீழே தெருவைப் பார்த்த அறையில் தையல் கடை வைத்திருக்கிறேன். நாத்தனார் என்றால் எப்படி இருக்க வேண்டுமோ அப்படியே முதல் பத்து வருஷம் இருந்தேன், அதில் ஒரு குறையும் வைக்கவில்லை. அண்ணனை அவன் என்றும் அண்ணியை அவர் என்றும் எழுதுகிறாளே என்று நீங்கள் யோசிக்க வேண்டாம். ஆரம்பத்தில் அது கோபத்தில் கொடுத்த மரியாதை. பிறகு நாக்கு பழகிவிட்டது, அதற்குப் பிறகு மனசும் பழகிவிட்டது.

கல்வாய் எங்கள் ஊருக்கு மேற்கே இருக்கிற குன்றின் உச்சியில் இருக்கிறது. குன்று அங்கே நடுவில் பிளந்து கிடக்கும். இந்தப் பக்கம் பாறை ஒரு நாக்கைப் போல வெளியே நீட்டிக்கொண்டிருக்கும். அதற்கு அப்பால் தலைசுற்றும் பள்ளம், பள்ளத்துக்கு எதிரே செங்குத்தான கற்சுவர். அந்த நாக்கின் நடுவில் நின்று உரக்கக் கூப்பிட்டால் சுவர் பதில் கொடுக்கும். நீங்கள் கூப்பிட்டது திரும்பி வராது. உங்களிடம் எப்போதோ யாரோ சொன்ன ஒரு பேச்சு வரும், இல்லாவிட்டால் இனிமேல் யாரோ உங்களிடம் சொல்லப்போகிற ஒரு பேச்சு வரும். சொன்னவர் குரலிலேயே வரும், ஆனால் கல்லில் உரசிக் கரகரத்து, வயசு தெரியாமல் வரும். ஓர் ஆளுக்கு ஆயுசில் ஒரு தடவைதான். நடந்து முடிந்ததா, நடக்கப்போவதா என்று சுவர் சொல்லாது. அது கேட்டவர் பாடு.

ஆபத்து அந்தப் பேச்சில் இல்லை, கால்களில் இருக்கிறது. குரல் கேட்டதும் கால் தானாக முன்னால் போகும். போய்ச் சேர்ந்த அம்மா கூப்பிட்டால் யார்தான் நின்ற இடத்தில் நிற்பார்கள்? நாக்கின் நுனியோ பொலபொலவென்று உதிர்கிற பாறை. கயிறு வருவதற்கு முன்னால் பதினொரு பேர் அப்படிப் போய்விட்டார்கள். அதன் பிறகுதான் ஊர் அலுவலகம் விழித்துக்கொண்டு ஓர் இரும்புத் தூணை நட்டு, கயிறு பிடிக்க ஓர் ஆளையும் போட்டது. அந்த முதல் ஆள் காதை அடைத்துக்கொள்ளவில்லை. ஒரு நாள் யாருக்கோ வந்த குரலைக் கேட்டு வாயைப் பிளந்துகொண்டு நின்றுவிட்டார், கை தளர்ந்துவிட்டது. அது பன்னிரண்டாவது ஆள். அன்றிலிருந்து கயிறு பிடிப்பவர் காதில் மெழுகு இல்லாமல் யாரும் நாக்கில் கால் வைக்கக் கூடாது என்று ஆனது.

அண்ணி அதற்கு முன்பு சலவை நிலையத்தில் ஈரப் போர்வைகளைப் பிழிந்துகொண்டிருந்தார். கை அப்படி உரமேறியிருந்தது. இந்த வேலைக்கு ஆள் எடுத்த அன்று, சரிவில் நிறுத்திய தண்ணீர்ப் பீப்பாயில் கயிற்றைக் கட்டி ஒவ்வொருவராகப் பிடிக்கச் சொன்னார்களாம். பிடித்த ஆண்கள் எல்லாம் முக்கி முனகி விட்டுவிட்டார்கள். அண்ணி பிடித்ததும் அதிகாரிக்கு யாரோடோ பேச்சு வளர்ந்துவிட்டது. இருபது நிமிஷம் கழித்துத் திரும்பிப் பார்த்தால் அண்ணி அதே இடத்தில் நின்றுகொண்டு, "எத்தனை மணி வரைக்கும் சார்?" என்று கேட்டாராம். அன்றைக்கே வேலை கொடுத்துவிட்டார்கள். எனக்குத்தான் வெளியே தலைகாட்ட வெட்கமாக இருந்தது. அண்ணி என்ன வேலை பார்க்கிறார் என்று கடைக்கு வருகிறவர்கள் கேட்டால், "அலுவலகத்துல" என்று சொல்லி அளவு நாடாவை எடுத்துவிடுவேன்.

வேலை இப்படித்தான் நடக்கும். வருகிறவர் இடுப்பில் அகலமான வார். வாரிலிருந்து வருகிற கயிறு அண்ணியின் இரண்டு கைகளுக்குள் புகுந்து, பின்னால் தூணை ஒன்றரைச் சுற்றுச் சுற்றி முடியும். முடிந்த பிறகு தொங்குகிற மிச்சத்துக்கு வால் என்று பெயர். எண்பது கிலோவுக்கு மேலே இருக்கிறவர் என்றால் வாலைப் பிடிக்க இன்னொரு ஆள் வேண்டும், இல்லாவிட்டால் சுற்று வழுக்கும். சாதாரணமாக அலுவலகக் காவல்காரர் பிடிப்பார். கயிற்றில் ஓர் இழுப்பு வந்தால் போதும், திரும்பி வருகிறேன் என்று பொருள். இரண்டு இழுப்பு வந்தால் இன்னும் ஓர் அடி விடு என்று பொருள். இழுப்பே இல்லாமல் கயிறு விறைத்தால் கேள்வியே கிடையாது, அண்ணி சுண்டி இழுத்துவிடுவார். இழுபட்டவர்கள் சிராய்ப்போடு எழுந்து திட்டுவார்கள். காதில் மெழுகு, அதனால் அந்தத் திட்டு எதுவும் அண்ணிக்குக் கேட்காது. "எனக்கு இந்த வேலையில பிடிச்சதே அதான்" என்பார்.

வீட்டிலும் எல்லாவற்றிலும் முடிச்சுதான். பால் பையின் வாயில் முடிச்சு, ஜன்னல் திரையில் முடிச்சு. என் கத்தரிக்கோல் தொலைந்துபோகிறதே என்று ஒரு நாள் மேசைக்காலில் கட்டிவைத்தார். அதை அவிழ்க்க எனக்கு ஒரு மணி நேரம் ஆயிற்று. மாலை ஐந்தரைக்கு வீட்டுக்கு வந்ததும் மெழுகை எடுத்து ஜன்னலில் இருக்கிற தகர டப்பாவில் போடுவார். சமையலறை முக்காலியில் உட்கார்ந்து காலை நீட்டி, "அப்பாடா!" என்பார். அந்த ஒரு 'அப்பாடா'வுக்காகத்தான் வேலைக்கே போகிறேன் என்று சொல்வார். உலகத்தில் இவ்வளவு திருப்தியாக ஒரு மனுஷி முக்காலியில் உட்கார்ந்து நான் பார்த்ததில்லை. பார்க்கப் பார்க்க எனக்கு எரிச்சலாக வந்த காலமும் உண்டு.

தனக்கென்று ஒரு தடவைகூட அண்ணி கல்வாயில் கேட்டதில்லை. ஊரில் யாரும் இதை நம்புவதில்லை. நானே நம்பாமல் ஒரு நாள் கேட்டேன்.

"எனக்கு யாராவது ஏதாவது சொல்லணும்னா வீட்டுக்கு வந்து சொல்லட்டும்" என்றார் அண்ணி. "கல்லுகிட்ட எதுக்குச் சொல்லி அனுப்பணும்?"

கேட்டவர்கள் பட்ட பாட்டைப் பார்த்தால் அவர் சொல்வது சரிதான் என்று தோன்றும். கேட்டது எதுவானாலும் அது நடக்கப்போவது என்றுதான் எங்கள் ஊர் ஆட்கள் நினைப்பார்கள். சைக்கிள் கடைக்காரருக்கு அவர் மனைவி குரலில், "போதும், கடையை மூடுங்க" என்று வந்தது. ஏதோ பெரிய நஷ்டம் வரப்போகிறது என்று பயந்து மூன்று மாதம் கடையைப் பூட்டிவிட்டு வீட்டில் இருந்தார். நாலாவது மாதம் அவர் மனைவிக்குப் பொறுக்கவில்லை. "கல்யாணமான நாள்லேருந்து தினம் சாயங்காலம் அதைத்தானே சொல்றேன், என்னைக்காவது காதுல வாங்கினீங்களா?" என்று கேட்ட பிறகுதான் மனுஷன் பூட்டைத் திறந்தார்.

இப்போது அண்ணன். முப்பது வருஷம் டவுன் பஸ் ஓட்டினான். ஓட்டுநர் இருக்கையிலேயே வளர்ந்த உடம்பு, தொண்ணூற்று நாலு கிலோ. மூக்கில் கெட்டியான கறுப்புச் சட்டம் போட்ட கண்ணாடி. அந்தக் கண்ணாடி வந்த கதை ஒன்று இருக்கிறது, பிறகு சொல்கிறேன். நாலு வருஷத்துக்கு முன்னால் ஒரு நாள், நிறுத்தத்தில் வண்டியை நிறுத்திவிட்டு இறங்க முடியாமல் அப்படியே உட்கார்ந்துவிட்டான். இதயத்தில் வால்வு கெட்டுப்போயிருக்கிறது என்றார் டாக்டர். இரண்டு மாதத்துக்குள் ஆபரேஷன் செய்தாக வேண்டும், செய்யாவிட்டால் ஒரு வருஷம் தாண்டுவது கஷ்டம், செய்தால் பத்தில் ஒன்பது பேர் நன்றாக எழுந்து நடக்கிறார்கள் என்று விளக்கமாகச் சொன்னார்.

"அந்தப் பத்தாவது ஆள் நான்தான்" என்றான் அண்ணன். "எந்த பஸ்லயும் கடைசியா ஒருத்தன் படியில தொங்குவான் பாரு, அது நான்."

சம்மதப் படிவம் டிவிக்கு அடியில் கிடந்தது. ஐந்து வாரம் போய்விட்டது. அண்ணி கத்தினார், நான் திட்டினேன், வெளியூரில் இருக்கிற அவர்கள் பெண் போனில் அழுதாள். அண்ணன் அசையவில்லை. ஆபரேஷன் மேசையிலேயே போவதற்குப் பதில் இருக்கிற நாளை முழுசாக இருந்துவிட்டுப் போகிறேன் என்றான். ஒரு நாள் சாப்பிட்டு முடித்து, தட்டில் விரலால் கோடு போட்டுக்கொண்டே, "கல்வாயில ஒரு தடவை கேட்டுட்டுச் சொல்றேன்" என்றான்.

"பதினெட்டு வருஷமா நான் அங்கதான் இருக்கேன். ஒரு நாள் வந்து எட்டிப் பாத்திருப்பீங்களா?"

"அதான் இப்ப வரேங்கறேன்ல."

அண்ணி தட்டுகளை எடுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டார். இதயக் கோளாறு உள்ளவர்களுக்கு அனுமதி இல்லை என்று அங்கே கொட்டை எழுத்தில் பலகை இருக்கிறது. அந்தப் பலகைக்கு வருஷா வருஷம் சாயம் பூசுவதே அண்ணிதான். மூன்று நாள் வீட்டில் சத்தமே இல்லை. சைக்கிள் கடைக்காரர் வந்து, வீட்டில் யாருக்காவது உடம்பு சரியில்லையா என்று விசாரித்துவிட்டுப் போனார். நாலாம் நாள் அண்ணி என் கடை வாசலில் வந்து நின்றார்.

"திங்கக்கிழமை அங்க லீவு. காலையில கூட்டிட்டுப் போறேன். வாலைப் பிடிக்க நீ வா."

"நானா? எனக்கு ஊசியைத் தவிர வேற எதையும் பிடிச்சுப் பழக்கம் இல்லையே அண்ணி."

"விடாம இருக்கறதுக்குப் பழக்கம் வேண்டாம். விடாம இருந்தாப் போதும்."

திங்கட்கிழமை காலை மூன்று பேரும் ஏறினோம். பத்துப் படிக்கு ஒரு தடவை அண்ணன் நின்று மூச்சு வாங்கினான். அண்ணி ஒரு தோளில் கயிற்றுச் சுருளும் கையில் மடக்கு நாற்காலியுமாக வந்து, அவன் நிற்கிற இடத்திலெல்லாம் நாற்காலியை விரித்து உட்காரவைத்தார். மேலே போனதும் கண்ணை மூடிக்கொண்டு கயிற்றை முழம் முழமாக விரல்களுக்கிடையே ஓடவிட்டுப் பார்த்தார். தினமும் முதலில் செய்வது அதுதான். பிறகு அண்ணனுக்கு வார் கட்டினார்.

"வயித்தை உள்ள இழுங்க."

"இழுத்துட்டேன்."

"எங்க?"

எனக்குச் சிரிப்பு வந்தது. அண்ணனும் சிரித்தான். அவன் சிரித்தே ஐந்து வாரம் ஆகியிருந்தது.

மெழுகை உள்ளங்கையில் வைத்து இளக்கி அண்ணியே என் காதில் அடைத்தார். அதற்கு முன்னால் ஒரே ஒரு விஷயம் சொன்னார். "என்ன நடந்தாலும் இதை எடுக்காதே. ரெண்டு கையும் வால்ல இருக்கணும்." அதற்குப் பிறகு உலகம் அணைந்துபோயிற்று. என் எச்சில் இறங்குகிற சத்தம் மட்டும்தான் கேட்டது.

அண்ணன் நாக்கின் நடுவுக்குப் போய் நின்றான். அவன் கழுத்து நரம்பு புடைப்பது தெரிந்தது. ஏதோ கூப்பிடுகிறான், என்ன என்று தெரியவில்லை. என்னைப் பற்றி ஒன்று சொல்லிவிடுகிறேன். பக்கத்து வீட்டில் சண்டை வந்தால் தையல் மெஷினை நிறுத்திவிட்டுக் கேட்கிற ஜென்மம் நான். என் அண்ணனுடைய உயிர்ப் பேச்சு எதிரே வந்துகொண்டிருக்கிறது, என் காதில் மெழுகு. என்னால் முடியவில்லை. இடது கையை வாலிலிருந்து எடுத்து, மெழுகைப் பிடுங்கினேன்.

"தாத்தா, சாப்பிட வாங்க. ஆறிப்போயிடும்."

அண்ணியின் குரல். கரகரவென்று, வயசே இல்லாமல், எதிர்ச் சுவரிலிருந்து வந்தது. அண்ணியோ எனக்கு முன்னால் முதுகைக் காட்டிக்கொண்டு, ஒன்றுமே கேட்காமல், காலைப் பதித்து நின்றார்.

அண்ணன் கையை நீட்டிக்கொண்டு நடந்தான். சாப்பாட்டு மேசைக்குப் போகிற நடை அது. ஒன்று, இரண்டு, மூன்றாவது அடியில் பாறை உதிர்ந்தது. ஒரு முழங்கால் மேலே, ஒரு கால் பள்ளத்தில். கயிறு தூணில் வழுக்கிக்கொண்டு ஓடியது என் கையில் தீயாகத் தெரிந்தது. பாய்ந்து இரண்டு கையாலும் பிடித்துப் பின்னால் சாய்ந்தேன். அதற்குள் அண்ணி தரையில் உட்கார்ந்து, குதிகாலைப் பாறையில் ஊன்றி, கைமாற்றிக் கைமாற்றி இழுத்துக்கொண்டிருந்தார். பதினெட்டு வருஷம் ஊன்றி ஊன்றி அந்த இடத்தில் பாறையே குழிந்திருக்கும். தொண்ணூற்று நாலு கிலோவும் குப்புறப் படுத்தபடி அங்குலம் அங்குலமாக எங்களிடம் திரும்பி வந்தது.

அண்ணன் புரண்டு மல்லாந்து படுத்தான். கண்ணாடி பள்ளத்தில் போய்விட்டது. அவன் அழுகிறானா சிரிக்கிறானா என்று தெரியவில்லை.

"தாத்தாங்கறா! என்னைத் தாத்தாங்கறா!"

அண்ணி மெழுகைப் பிடுங்கிவிட்டு, "என்னது?" என்று குன்று அதிரக் கத்தினார். அவன் வார்த்தை மாறாமல் சொன்னான். அவர்கள் பெண்ணுக்குக் கல்யாணமாகி மூன்று வருஷம், அப்போது குழந்தை இல்லை. பேரனோ பேத்தியோ பிறக்கப்போகிறது, அதைப் பார்க்க நான் இருக்கப்போகிறேன், நீ என்னைத் தாத்தா என்று சாப்பிடக் கூப்பிடப்போகிறாய் என்று மூச்சுவிடாமல் பேசினான். அண்ணி தோல் உரிந்த தன் உள்ளங்கையைப் பார்த்துக்கொண்டு கேட்டார். பிறகு, "சரி, எந்திரிங்க. வெயில் ஏறுது" என்றார்.

அன்று சாயங்காலமே அண்ணன் டிவிக்கு அடியிலிருந்து படிவத்தை எடுத்துக் கையெழுத்துப் போட்டான். கண்ணாடி இல்லாததால் எங்கே போடுவது என்று தெரியவில்லை, அண்ணிதான் விரல் வைத்துக் காட்டினார். எனக்கும் சந்தோஷம் தாங்கவில்லை. மெஷினில் உட்கார்ந்து நூலைக் கோத்தேன். கோத்த மாத்திரத்தில் நினைவு வந்தது.

கண்ணாடிக் கதை. அதற்குப் பதினாலு வருஷத்துக்கு முன்னால் ஒரு மதியம், அண்ணன் முதன்முதலாகக் கண்ணாடி போட்டுக்கொண்டு வாசலில் வந்து நின்றான். நாற்பத்திரண்டு வயசில் சினிமா நாயகனாகிவிட்ட நினைப்பு. "எப்படி இருக்கு?" என்று கேட்டான். நான் கூடத்தில் திரைச்சீலைக்கு ஓரம் அடித்துக்கொண்டிருந்தேன். அண்ணி கையில் கரண்டியோடு எட்டிப் பார்த்தார். ஏற இறங்கப் பார்த்துவிட்டுச் சொன்னார், "தாத்தா, சாப்பிட வாங்க. ஆறிப்போயிடும்." சிரித்த சிரிப்பில் நான் ஊசியை விரலில் குத்திக்கொண்டேன். கேலியில் என்னை யாரும் மிஞ்ச முடியாது என்று நினைத்திருந்தேன், அன்றைக்கு மிஞ்சிவிட்டார். அதனால்தான் எனக்கு ஓர் எழுத்து விடாமல் நினைவிருக்கிறது. அண்ணன் முறைத்துக்கொண்டு இரண்டு நாள் கண்ணாடியைப் பையிலேயே வைத்திருந்தான், பிறகு அந்தக் கேலியை மறந்தேபோனான்.

ஆக, சுவர் சொன்னது வரப்போவது என்று யார் கண்டது? அது பழைய கேலியாகவே இருக்கலாம். சைக்கிள் கடைக்காரரைப் பார்த்து ஊரே சிரித்ததே, அதே தப்பைத்தான் எங்கள் வீட்டிலும் செய்துகொண்டிருந்தோம். சொன்னால் அண்ணன் படிவத்தைக் கிழித்துப்போடுவான். சொல்லாமல் விட்டு, அவன் சொன்னபடி அந்தப் பத்தாவது ஆளாகிவிட்டால்? வாழ்க்கையில் எதையும் வாயில் வைத்திருந்து பழகாதவள் நான். ஆபரேஷனுக்குப் பதிமூன்று நாள் இருந்தது. அந்தப் பதிமூன்று நாளில் ஒரு வாடிக்கையாளர் சட்டைக்கு இரண்டு கையும் இடது கையாகவே வைத்துத் தைத்துவிட்டேன். அண்ணியைக் கவனித்தேன். அவர் பாட்டுக்கு ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகத் துணி மடித்து, பையின் வாயில் முடிச்சுப் போட்டுக்கொண்டிருந்தார். பாவம், அவர் சொன்னது அவருக்கே மறந்துவிட்டது என்று நினைத்தேன். இந்த வீட்டில் இதைச் சுமக்கிறவள் நான் ஒருத்திதான் என்று நினைத்துக்கொண்டேன். கொஞ்சம் பெருமையும் இருந்தது, மறைக்கவில்லை.

ஆபரேஷன் ஐந்தரை மணி நேரம். பிளாஸ்டிக் நாற்காலியில் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்திருந்தோம். அண்ணி கைக்குட்டை முனையில் முடிச்சுப் போடுவார், அவிழ்ப்பார், போடுவார். டாக்டர் வந்து நன்றாக முடிந்தது என்று சொன்னபோது அந்த முடிச்சை அவிழ்க்க அவர் விரல்களுக்கு வரவில்லை, நான்தான் அவிழ்த்துக் கொடுத்தேன். கண் விழித்ததும் அண்ணன் நர்ஸிடம் பேசிய முதல் வார்த்தை, "எனக்கு அப்பவே தெரியும்."

ஒன்றரை வருஷம் கழித்துப் பேத்தி பிறந்தாள். பெண்ணும் மாப்பிள்ளையும் வேலையை மாற்றிக்கொண்டு பக்கத்துத் தெருவுக்கே வந்துவிட்டார்கள். பகலெல்லாம் குழந்தை எங்கள் வீட்டில்தான். அண்ணன் வீட்டுக்குள்ளேயே நாற்காலிகளை வரிசையாகப் போட்டு அவளுக்கு பஸ் ஓட்டுகிறான். கண்டக்டர் அவள்.

அண்ணனுக்கு இப்போது ஒரே ஒரு பயம். அந்தப் பேச்சை அண்ணி சொல்லிவிடக் கூடாது. அவன் கணக்கு என்னவென்றால், சுவர் சொன்னது இன்னும் நடக்கவில்லை, நடக்கிற வரைக்கும் தனக்கு ஒன்றும் ஆகாது. "அதை மட்டும் வாயைத் திறந்து சொல்லிடாதே, நான் நூறு வயசு இருக்கேன்" என்று அண்ணியிடம் சத்தியம் வாங்காத குறை. அண்ணியும் சொல்வதில்லை. சாப்பாடு தயாரானால் கரண்டியால் தட்டில் இரண்டு தட்டுத் தட்டுவார். பேத்தியும் பழகிக்கொண்டு ஸ்பூனால் தட்டுகிறாள். எங்கள் வீட்டில் சாப்பாட்டு நேரம் தெருவுக்கே தெரியும்.

போன திங்கட்கிழமை நானும் அண்ணியும் கொல்லைப்புறத்தில் கயிற்றை அலசிக்கொண்டிருந்தோம். வாரத்துக்கு ஒரு முறை அலசி நிழலில் உலர்த்த வேண்டும். ஒரு முனை அவர் கையில், ஒரு முனை என் கையில். நாலு வருஷம் அடக்கிவைத்தது அன்றைக்கு என்னை மீறி வந்துவிட்டது.

"அண்ணி, ஒண்ணு கேக்கணும். அண்ணன் முதல்ல கண்ணாடி வாங்கிட்டு வந்த அன்னைக்கு…"

"தாத்தான்னு கூப்பிட்டேன். நீ ஊசியைக் குத்திக்கிட்டே."

"அப்ப, உங்களுக்கு நெனப்பு இருக்கா?"

"மலைமேல அவரு சொன்னதும் நெனப்பு வந்துடுச்சு."

"தெரிஞ்சேவா கையெழுத்துப் போட விட்டீங்க? நான் பதிமூணு நாள் செத்துப் பொழச்சேன் அண்ணி!"

"நான் மட்டும்? நீ எப்பப் போட்டு உடைப்பியோன்னு உன் வாயையேதான் பாத்துட்டிருந்தேன்." அண்ணி கயிற்றைப் பிழிந்தார். "உடைக்கலை. அன்னையிலேருந்து உன்மேல எனக்கு ஒரு மதிப்பு."

"இருங்க. எனக்கு ஞாபகம் இருக்குன்னு உங்களுக்கு எப்படித் தெரியும்?"

"அதான் ஊசியைக் குத்திக்கிட்டியே. போதாததுக்கு மலைமேல அந்தக் குரலை நீயே கேட்டே."

நான் மெழுகை எடுத்ததை யாரிடமும் சொன்னதில்லை. அண்ணன் எங்களுக்கு முதுகைக் காட்டி நின்றான், அண்ணி எனக்கு முதுகைக் காட்டி நின்றார். யார் பார்த்தார்கள்?

அண்ணி கயிற்றை விரல்களுக்கிடையே ஓடவிட்டு ஓர் இடத்தில் நிறுத்தினார். அரை அடி நீளத்துக்கு அங்கே நார் தேய்ந்து பழுப்பேறியிருந்தது. "இங்க. தூண்ல வழுக்கின இடம். அவரு மூணாவது அடி வைக்கறதுக்கு முன்னாடியே பின்பக்கம் தளர்ந்துச்சு. ஒரு கையை எடுத்துட்டே. அந்த எடத்துல கையை எடுக்கறவ வேற எதுக்கு எடுப்பா?"

நான் அப்படியே துவைக்கிற கல்லில் உட்கார்ந்துவிட்டேன். அழுகை முட்டிக்கொண்டு வந்தது. என் ஒரு கையால் என் அண்ணன் போயிருப்பான். அது இவருக்கு அன்றைக்கே தெரியும். தெரிந்தும் நாலு வருஷமாக எனக்குச் சாப்பாடு போட்டு, என் கத்தரிக்கோலைத் தேடிக் கொடுத்து, என் வாயைப் பொறுத்துக்கொண்டு இருந்திருக்கிறார்.

"ஏன் அண்ணி ஒரு வார்த்தை கேக்கலை?"

"கேட்டா இப்படி உக்காந்து அழுவே. அழுதுகிட்டே தைச்சா, அப்புறம் எல்லாச் சட்டையும் இடது கைதான்." என் தலையில் ஈரக் கையை ஒரு கணம் வைத்தார். "திரும்பப் பிடிச்சேல்ல. நீ பிடிச்சதும் எனக்குத் தெரிஞ்சுது."

கண்ணைத் துடைத்துக்கொண்டேன். கேட்க இன்னும் ஒன்று மிச்சம் இருந்தது. "அது பழைய பேச்சுதான்னா, இன்னும் எதுக்குத் தட்டைத் தட்டறீங்க?"

"பழசோ புதுசோ, எனக்கென்ன தெரியும்? நான் காதை அடைச்சிருந்தேன். அன்னைக்கு அவரு என் கையில இருந்தாரு, அதுதான் எனக்குத் தெரியும். தினம் தட்டுச் சத்தம் கேட்டதும் அவரு ஒரு சிரிப்புச் சிரிக்கிறாரு பாத்தியா? அதுக்காக ஆயுசுக்கும் தட்டலாம்."

கயிற்றை அவர் வளையம் வளையமாகச் சுருட்டினார். கடைசி முழம் அவர் கைக்குப் போகிற வரைக்கும் நான் என் முனையை விடவில்லை. சுருளைக் கொடியில் மாட்டிவிட்டு அண்ணி உள்ளே போனார். கொஞ்ச நேரத்தில் தட்டில் கரண்டி இரண்டு தடவை தட்டுகிற சத்தமும், பின்னாலேயே ஸ்பூன் நாலைந்து தடவை தட்டுகிற சத்தமும் கேட்டன.

"இன்னைக்கும் சொல்லலை!" என்று உள்ளேயிருந்து அண்ணன் சிரித்தான்.